உறவான ஆவிகள்: இலங்கை வேடரின் மொழியும் வழிபாடும்



கண்டி இராச்சியத்திலே 1660 முதல் 1679 வரை சிறைப்பட்டிருந்த ஆங்கிலேயராகிய றொபேட் நொக்ஸ் என்பார், தாய்நாடு திரும்பியபின் 1681 இல் ஒரு நூலை வெளியிட்டார். அந்நூலில் வேடரைப் பற்றி அவர் கூறும் செய்தியொன்று பலரும் அறிந்ததே. அம்பு வேண்டிய வேடன் இரவு வேளையிற் கொல்லனுடைய பட்டறைக்கு வருவான். இறைச்சியை அங்கே தொங்கவிட்டு, தனக்கு வேண்டிய அம்பின் வடிவாக வெட்டிய இலையொன்றையும் வைத்துவிட்டுப் போய்விடுவான். கொல்லன் அவ்வாறே அம்பு செய்து வைத்தானாயின், பின்னரும் அவனுக்கு இறைச்சி வரும். இரு பக்கத்தாரும் ஒரு சொல்லேனும் பேசிக்கொள்ளமாட்டார்கள்.

இதுபோன்ற செய்திகளாலே வேடர் பேச்சற்ற மாந்தர் என்னும் எண்ணம் நெடுங்காலம் நிலவியது. அவர்களுக்குச் சிரிக்கவும் தெரியாது என்று பத்தொன்பதாம் நூற்றாண்டிலே எழுதி வைத்தவர்களும் உளர். ஆனால், அந்நியர் முன் வாய் திறவாத ஒருவன் தன் வீட்டிலும் வாய் திறவான் என்று கொள்ளலாமா? வேடர் எவரோடு பேசினர், என்ன பேசினர், அந்தப் பேச்சு அவர்களை எவ்வாறு ஒரு குலமாகக் கட்டிவைத்தது என்பனவற்றையே இன்று சிந்திக்க விரும்புகின்றேன்.

முதலில், பிறர் அவர்களைப் பற்றிச் சொன்ன கதையைப் பார்ப்போம். விசயனால் மணக்கப்பட்டுப் பின்னர்க் கைவிடப்பட்டவள் குவேனி. அவள் இயக்கர் குலத்தவள். அவளுடைய மகனும் மகளும் மலைநாட்டுக்கு ஓடிச் சென்று வாழ்ந்தனர் என்றும், புளிந்தர் என்போர் அவர்கள் வழிவந்தோர் என்றும் மகாவம்சம் கூறுகின்றது. இப்புளிந்தரை வேடர் எனக் கொள்வர் ஆய்வாளர் பலர். இக்கதையிலே இயக்கர் என்போர் அஞ்சத்தக்கவர், நாகரிகத்துக்குப் புறம்பானவர். அவர்களின் வழித்தோன்றலுக்குக் காடே புகலிடம்.

இனி, வேடர் தம்மைப் பற்றிச் சொன்ன கதைக்கு வருவோம். பிரித்தானிய அறிஞராகிய செலிக்மனும் அவருடைய மனைவியாரும் 1907, 1908 ஆம் ஆண்டுகளில் வேடரிடையே சென்று ஆராய்ந்து, 1911 இல் ஒரு பெருநூலை வெளியிட்டனர். அவர்கள் கண்ட வழிபாட்டின் உயிர்நாடி 'நே யக்கு' என்பது. 'நே' என்றால் உறவு. 'யக்கு' என்பது ஆவிகளைக் குறிக்கும். இறந்துபோன தந்தையும் பாட்டனும் மாமனுமே அந்த ஆவிகள்.

நேயர்களே, இங்கே சற்று நின்று நோக்குதல் வேண்டும். மகாவம்சம் பாடியவர் வாயிலே பகைவனைக் குறித்த சொல், வேடன் வாயிலே தகப்பனைக் குறிக்கின்றது. நாட்டார் வழக்கிலே பேயென அஞ்சி ஓட்டப்படும் 'யக்கா', வேடனுடைய குகை வாசலிலே உறவென அழைக்கப்படுகின்றான். சொல் ஒன்றே, அதனைச் சொல்வோர் நிற்கும் இடமே வேறு. ஓர் இனத்தாரின் மொழியையும் கதையையும் அவர்தம் வாயிலிருந்தே கேட்டல் வேண்டும் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ?

அவ்வழிபாடு நிகழும் முறையும் கருதத்தக்கது. ஒருவர் இறந்தபின் உறவினர் ஒன்றுகூடுவர். தேங்காய்ப்பால் நிறைந்த பாத்திரத்தை நடுவில் வைத்து, பூசகன் கையில் அம்பேந்தி அதனைச் சுற்றி ஆடுவான். இதற்குக் 'கிரி கொரஹ' என்று பெயர். ஆட்டம் முதிர முதிர ஆவி அவன்மேல் வரும். அப்போது அவன் உறவினர் ஒவ்வொருவரையும் அணுகி, தோளிலே கைவைத்து, கரகரத்த குரலிற் பேசுவான். வேட்டை கிடைக்கும், தேன் கிடைக்கும், கிழங்கு கிடைக்கும் என்று வாக்களிப்பான். இறந்தவர் தம்மை மறக்கவில்லை என்ற ஆறுதலோடு அனைவரும் கலைவர். முன்னோருள் முதன்மை பெற்றவன் கந்தே யக்கா. அவன் ஒரு காலத்திலே பெருவேட்டுவனாக வாழ்ந்தவன். இறந்தபின்னும் வேட்டைக்குத் துணை நிற்பவன். பூசகன் அவனை அழைக்கும்போது அவனுடைய கதையும் உடன் வருகின்றது. நூலும் எழுத்துமற்ற ஒரு குலத்துக்கு வரலாறும் வழிபாடும் வெவ்வேறல்ல.

இவ்வாறு அழைக்கப்படும் முன்னோரே காட்டுக்கும் காவலர். வேடர் 'வரிகே' எனப்படும் குலங்களாகப் பிரிந்திருந்தனர். மொரனே, உணாப்பானே முதலியன அவற்றுட் சில. செலிக்மன் சென்ற ஊர்கள் பலவற்றிற் குலம் தாய்வழியே வந்தது. ஒவ்வொரு குடும்பத்துக்கும் வேட்டை நிலம் வரையறுக்கப்பட்டிருந்தது. உடன்பிறந்தானுடைய நிலத்திலேகூட அனுமதியின்றி வேட்டையாடுதல் முறையன்று. குகையும் குன்றும் தேனடை தொங்கும் பாறையும் முன்னோர் பெயரோடு சேர்த்தே அறியப்பட்டன. ஆதலால் மொழியும் ஆவியும் நிலமும் ஒரே கயிற்றின் மூன்று புரிகளாயின.

அம்மொழியின் தோற்றம் பற்றி அறிஞரிடையே நெடிய வாதம் உண்டு. பழைய வேடர் மொழியொன்று சிங்களத்தோடு கலந்து பிறந்த கலப்பு மொழியே இன்று எஞ்சியுள்ளது என்பது பலர் ஏற்கும் கருத்து. சொற்கள் பல சிங்களத்தை ஒத்திருப்பினும் சில முற்றிலும் வேறானவை. யானையை அவர்கள் 'போட்டகந்தா' என்பர். மந்திரப் பாடல்களிலோ பொருள் தெளிவாக விளங்காத சொற்கள் பல உள. நாளாந்தப் பேச்சு மாறிய பின்னரும் மந்திரச் சொல் மாறவில்லை. தலைமுறைகள் பல கழிந்தும் பாட்டனை அவனுக்குப் பழகிய சொல்லாலேயே அழைத்தனர் போலும்.

கயிற்றின் ஒரு புரி அறுந்தால் மற்றை இரண்டும் தளரும். 1949 இல் தொடங்கிய கல்லோயாத் திட்டத்தால் வேடரின் காடுகளில் ஒரு பகுதி நீருள் மூழ்கியது. ஒரு பகுதி குடியேற்றமாயிற்று. பின்னர் மகாவலித் திட்டம் வந்தது. 1983 இல் மதுறு ஓயாக் காடு தேசிய வனமாக அறிவிக்கப்பட்டபோது, அங்கே வேட்டையாடுதலும் தேன் எடுத்தலும் குற்றங்களாயின. தந்தை செய்த தொழிலைச் செய்த மகன் சட்டத்தின் முன் கள்வனானான். குடும்பங்கள் பல வயல் நிலங்களுக்குக் குடிபெயர்க்கப்பட்டன. தம்பானையின் முதிய தலைவர் திசாஹாமி மட்டும் சிலரோடு இடம்பெயர மறுத்து அங்கேயே இருந்தார். 1998 இல் அங்கேயே மறைந்தார். அவருடைய மகன் ஊருவரிகே வன்னியல எத்தோ 1996 இல் செனீவா சென்று, பூர்வ குடிகள் பற்றிய ஐக்கிய நாடுகள் சபைக் குழுவின் முன் தம் மக்களின் குறையை எடுத்துரைத்தார். வன்னியல எத்தோ என்பது ஒருவர் பெயர் மாத்திரமன்று. காட்டில் வாழ்வோர் என்னும் பொருளில் அம்மக்கள் தம்மைத் தாமே குறிக்கும் பெயருமாகும். இரவிலே இலையொன்றை வைத்துவிட்டு மறைந்த குலத்தின் தலைவர், உலகோர் கேட்கத் தம் பெயரைச் சொன்னார்.

தமிழ் நேயர்களாகிய நாம் இதனை அயலார் கதையென்று கேட்டுவிட்டுப் போதல் இயலாது. மட்டக்களப்புக்கும் திருகோணமலைக்கும் இடையே, வாகரை முதலிய கடலோரப் பகுதிகளில் வாழும் வேடர் நெடுங்காலமாகத் தமிழே பேசி வருகின்றனர். பழைய மொழி அவர்களைவிட்டு நீங்கிவிட்டது. ஆயினும் தெய்வங்களையும் முன்னோரையும் அழைத்து உருவேறி ஆடும் சடங்கு நீங்கவில்லை. கடல்கடந்து கப்பலில் வந்த ஆவிகளை அவர்கள் 'கப்பற் பேய்' என்று அழைத்து வழிபட்டமையைச் செலிக்மன் குறித்துள்ளார். காட்டை விட்டுக் கடலோரம் வந்தவர்கள், கடல் வழியாக வந்த ஆவிகளையும் உறவிற் சேர்த்துக்கொண்டனர் போலும்.

நம்முடைய கோயிற் கதைகளையும் எண்ணிப் பாருங்கள். கொக்கட்டிச்சோலையிலே வேடனொருவன் கொக்கட்டி மரத்தை வெட்டியபோது குருதி பெருகக் கண்டான் என்பது அங்குள்ள ஐதிகம். கதிர்காமத்து முருகன் மணந்த வள்ளியோ வேடர் மகள். அதனால் வேடர் அப்பெருமானை உறவுமுறை கொண்டாடுவர். தெய்வத்தை முதலிற் கண்டவன் வேடன், தெய்வத்துக்குப் பெண் கொடுத்தவன் வேடன் என்று கோயிலிலே பெருமையோடு சொல்லுகின்றோம். அதே சொல்லை ஊருக்குள்ளே இழிவாக வழங்குவோரும் நம்மிடையே உளர். இம்முரண்பாட்டை நாம் தீர்த்துக்கொள்ள வேண்டாமா?

மொழி மாறினும் ஒரு குலம் அழிவதில்லை என்பதைக் கடலோர வேடர் காட்டினர். நிலத்தை இழந்தால் மொழியைக் காத்தல் எத்துணை அரிது என்பதைத் தம்பானையார் காட்டினர். இருசாராரையும் இன்றும் ஒரு குலமென நிறுத்துவது, இறந்தோரைப் பெயர் சொல்லி அழைக்கும் வழக்கமே. அப்பெயர்களை அறிந்த முதியோர் இன்னும் சிலர் இருக்கின்றனர். அவர்களுடைய பேரப்பிள்ளைகள் பள்ளியிலே சிங்களமோ தமிழோ கற்கின்றனர், அது வேண்டியதே. ஆனால், அவர்கள் தம் பாட்டனின் கதையைச் சொல்ல நாணாதிருக்க வேண்டுமாயின், அதனை மதித்துக் கேட்போர் வேண்டும். நொக்ஸ் கண்ட கொல்லன் இலையின் வடிவத்தைப் பார்த்தே வேடனுடைய தேவையை அறிந்துகொண்டான். அவர்களோடு ஒரே ஊரில் வாழ்ந்து, ஒரே மொழியைப் பேசுகின்ற நாம் அந்த அளவாவது அவர்களை அறிய முயலுதல் வேண்டும்.