பேர்லினில் ஆசனம் பெறாதோர்

1878ஆம் ஆண்டு மார்ச் மாதம் 3ஆந் திகதி, கொன்ஸ்தாந்திநோபிள் நகருக்கு அணித்தாய் மர்மராக் கடலோரத்தில் அமைந்த சான் ஸ்தெபானோ என்னும் சிற்றூரில், ருஷ்யாவுக்கும் துருக்கிக்கும் இடையே ஓர் உடன்படிக்கை கைச்சாத்தாயிற்று. ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகள் துருக்கியரின் ஆட்சியில் அடங்கிக் கிடந்த பல்கேரியா, தான்யூப் நதி தொடங்கி ஈஜியன் கடல் வரையும் பரந்த தன்னாட்சி நாடாகும் என அவ்வுடன்படிக்கை கூறிற்று. பல்கேரிய மக்கள் கோயில் மணிகளை ஒலித்து மகிழ்ந்தனர். ஆனால், நான்கு திங்களும் பத்து நாளும் கழிந்த அளவிலே அந்தப் பெரும் பல்கேரியா மூன்று துண்டமாயிற்று. துண்டாடிய அரசுகளிற் பல, அப்போரில் ஒரு குண்டேனும் சுடாதவை.

போர் எழுந்த காரணம் நேயர்கள் பலரும் அறிந்ததே. 1875இல் ஹெர்சகோவினாவின் குடியானவர், விளைவு பொய்த்த பின்னும் விடாது வரி தண்டிய அதிகாரிகளை எதிர்த்துக் கிளர்ந்தனர். அடுத்த ஆண்டு பல்கேரியாவிலும் தீப்பற்றியது. அதனை அடக்க ஏவப்பட்ட ஒழுங்கற்ற துருக்கிப் படையினர் பத்தாக் என்னும் மலையூரிற் புரிந்த கொலைகள் ஐரோப்பா முழுவதையும் நடுங்கச் செய்தன. இங்கிலாந்தில் கிளாட்ஸ்டன் அதுபற்றி எழுதிய சிறு நூல் ஒரு மாதத்துக்குள் இரண்டு இலட்சம் பிரதி விற்பனையாயிற்று. பிரதம மந்திரி டிஸ்ரேலியோ மக்களின் கண்ணீரைக் காட்டிலும் இந்தியாவுக்குச் செல்லும் வழியையே பெரிதாய் எண்ணினார். மறுபுறத்தில், 1861இல் ருஷ்யப் பண்ணையடிமைகளை விடுவித்த இரண்டாம் அலெக்சாந்தர் சக்கரவர்த்தி, 1877 ஏப்பிரில் 24இல் துருக்கிமீது போர் தொடுத்தார். சிலாவிய சகோதரர்மீது கொண்ட இரக்கமும் கடல்வாயில்மீது கொண்ட வேட்கையும் அவர் அரசில் ஒன்றோடொன்று கலந்து கிடந்தன. எது பால், எது நீர் எனப் பிரித்தறிய அன்னப்பறவைதான் வரவேண்டும்.

போர் எளிதில் முடிந்துவிடவில்லை. பிளெவ்னா என்னும் ஊரில் மண்ணரண் அமைத்து நின்ற ஒஸ்மான் பாஷா, ருஷ்யரின் பெருந் தாக்குதல்கள் மூன்றை முறியடித்தார். உதவிக்கு ருமேனியப் படை வந்தது. ஐந்து மாதம் முற்றுகையிட்டுப் பசியால் வாட்டிய பின்னரே, டிசம்பர் 10இல், அவ்வூர் வீழ்ந்தது. பனி மூடிய பால்கன் மலையைக் கடந்து ருஷ்யர் கொன்ஸ்தாந்திநோபிளின் வாயிலை அடைந்தபோது அவர்கள் படையிற் பாதி நோயுற்றும் களைப்புற்றும் இருந்தது. இதனை மனங்கொள்ளல் வேண்டும். பின்னர் பேர்லினிலே ருஷ்யா பணிந்தமைக்கு இக்களைப்பே பெருங் காரணம்.

சான் ஸ்தெபானோவின் செய்தி இலண்டனையும் வியன்னாவையும் ஒருங்கே கலக்கிற்று. ஈஜியன் கடலைத் தொடும் பல்கேரியா ருஷ்யாவின் கைப்பாவையாகவே இருக்கும் என்பது அவர்களின் அச்சம். பால்கனிற் பெரிய சிலாவிய அரசு ஒன்று தோன்ற இடமளிப்பதில்லையென அவுஸ்திரியாவுக்கு ருஷ்யா முன்னரே மறைவில் வாக்களித்திருந்தது. வெற்றி மயக்கத்தில் அதனை மறந்தது. பிரித்தானியக் கடற்படை முன்னரே மர்மராக் கடலினுட் புகுந்திருந்தது. இலண்டன் இசைக்கூடங்களில் பாடப்பட்ட போர்ப்பாட்டொன்றிலிருந்து, வெறிகொண்ட தேசாபிமானத்தைக் குறிக்கும் ‘ஜிங்கோ’ என்ற சொல் ஆங்கிலத்திற் புகுந்ததும் அக்காலத்திலேதான். இந்தியாவிலிருந்து ஏறக்குறைய 7,000 போர்வீரர் சுயெஸ் கால்வாய் வழியாக மோல்ட்டாவுக்குக் கொண்டுவரப்பட்டனர். பல்கேரியா எத்திசையில் உளது என்பதைத்தானும் அவர்களுள் எத்தனை பேர் அறிந்திருப்பர்?

இந்நிலையில், தாம் ‘நேர்மையான தரகர்’ மாத்திரமே என்று கூறிக்கொண்டு ஜெர்மனியின் பிஸ்மார்க் முன்வந்தார். ஆனால் தரகரின் மண்டபத்தில் எல்லோரும் கூடுமுன்னரே பேரம் பெரும்பாலும் முடிந்துவிட்டது. மே 30இல் பிரித்தானியாவும் ருஷ்யாவும் மறைவில் உடன்பட்டுப் பல்கேரியாவைக் குறுக்கின. ஜூன் 4இல் பிரித்தானியாவும் துருக்கியும் மறைவில் உடன்பட்டன. துருக்கியின் ஆசிய நிலங்களைக் காப்பதாகச் சொல்லிப் பிரித்தானியா சைப்பிரஸ் தீவைப் பெற்றுக்கொண்டது. இரண்டு நாள் கழித்துப் பிரித்தானியாவும் அவுஸ்திரியாவும் தமக்குள் ஒத்துக்கொண்டன. இம்மறைவுகளுள் முதலாவது நெடுநாள் மறைந்திருக்கவில்லை. பிரித்தானிய வெளிநாட்டு அலுவலகத்திலே சிறு கூலிக்கு எழுதிவந்த தற்காலிக எழுதுவினைஞர் சார்ள்ஸ் மார்வின், அதனை மனப்பாடஞ் செய்து ‘குளோப்’ பத்திரிகைக்குக் கொடுத்துவிட்டார். மாநாடு தொடங்கிய மறுநாள் முழு வாசகமும் அச்சில் வெளிவந்தது. வழக்குத் தொடுத்தும், அவர் செய்தது எச்சட்டப்படியும் குற்றமன்று எனக் கண்டு விடுவித்தனர். 1889இல் பிரித்தானியா அரசாங்க இரகசியச் சட்டம் இயற்றியமைக்கு இவ்வெழுத்தரும் ஒரு காரணமாவார்.

ஜூன் 13 முதல் ஜூலை 13 வரை மாநாடு நடந்தது. எண்பது வயதான ருஷ்யப் பிரதிநிதி கோர்ச்சக்கோவ் நடக்கவியலாது நாற்காலியிற் சுமந்துவரப்பட்டார். டிஸ்ரேலி, இராசதந்திர மொழியாகிய பிரெஞ்சில் தமக்குத் தேர்ச்சி போதாமையால், ஆங்கிலத்திலேயே பேசினார். துருக்கியின் சார்பில் வந்த மூவருள் ஒருவர் கரதெயோதோரி பாஷா என்னும் கிரேக்கர். மற்றொருவரான மெஹ்மத் அலி பாஷா பிறப்பால் ஜெர்மானியர். மக்தபூர்க் நகரிற் பிறந்து, சிறுவயதிலே கப்பலேறிக் கொன்ஸ்தாந்திநோபிளை அடைந்து, இஸ்லாத்தைத் தழுவிச் சேனாபதியானவர் அவர். தம் நாட்டிற் பிறந்தவனைத் துருக்கிப் பிரதிநிதியாய்க் காணப் பிஸ்மார்க்குக்குச் சற்றும் மனமில்லை. துருக்கிப் பிரதிநிதிகளை அவர் நடத்திய முறையில் மரியாதையைக் காண்பது அரிது. கிசிங்கன் நீரூற்றுக்குச் சிகிச்சைக்காகச் செல்லவேண்டிய அவசரமும் அவருக்கிருந்தது.

முடிவுகள் இவை. பால்கன் மலைக்கு வடக்கே சிறிய பல்கேரியா; தெற்கே சுல்தானின் கீழ்க் ‘கிழக்கு ருமேலியா’ என்று புதுப் பெயரிட்ட மாகாணம்; மக்கதோனியாவோ மீண்டும் நேரே துருக்கியிடம். சேர்பியா, மொன்ரிநீகுரோ, ருமேனியா மூன்றும் சுதந்திரம் பெற்றன. பொஸ்னியாவும் ஹெர்சகோவினாவும் அவுஸ்திரியாவின் ஆளுகைக்கு விடப்பட்டன.

இனி, மண்டபத்துக்கு வெளியே நின்றவர்களைக் காண்போம். பிளெவ்னாவிலே குருதி சிந்திய ருமேனியரின் மந்திரிகள் ஒரேயொரு நாள் உள்ளே அழைக்கப்பட்டனர். தென் பெசரேபியாவைத் தங்களிடமிருந்து பறிக்கவேண்டாமென மன்றாடி, விடைபெற்று வெளியேறினர். அந்நிலத்தை அவர்களின் துணைவனாகிய ருஷ்யாவே எடுத்துக்கொண்டது. எவருக்காகப் போர் நடந்ததோ அந்தப் பல்கேரியருக்கு அந்த ஒருநாள் அழைப்பும் இல்லை.

ஆர்மேனியரின் கதை இன்னும் துயரமானது. சீர்திருத்தம் நடைபெறும் வரையும் ருஷ்யப் படை ஆர்மேனிய நிலத்தில் நிற்கும் என்று சான் ஸ்தெபானோ கூறியிருந்தது. பேர்லினின் 61ஆம் பிரிவு படையை நீக்கி, வாக்குறுதியை மட்டும் வைத்தது. மனுவோடு சென்றிருந்த குருமுதல்வர் கிரிமியான் கொன்ஸ்தாந்திநோபிளுக்குத் திரும்பி, தேவாலயத்திற் கூடிய மக்களுக்கு நிகழ்ந்ததை உவமையாற் கூறினார். பேர்லினிலே பெரிய கொப்பரை நிறையக் கூழ் இருந்தது; பிறர் இரும்பு அகப்பையால் அள்ளிச் சென்றனர்; தம் கையிலிருந்ததோ கடதாசி அகப்பை, அது கூழிலே கரைந்துபோயிற்று என்பதே அதன் சாரம். சட்டியில் இருந்தால் அகப்பையில் வரும் என்பது நம்மவர் வழக்கு. இங்கே சட்டி நிறைந்தே இருந்தது. 1894 முதல் 1896 வரை நடந்த படுகொலைகளில் ஆர்மேனியர் பல்லாயிரவராய் மாண்டபோது, அப்பிரிவிற் கையொப்பமிட்ட அரசுகளுள் ஒன்றேனும் படை அனுப்பவில்லை.

டிஸ்ரேலியோ ‘மானத்தோடு கூடிய சமாதானம்’ கொணர்ந்ததாக இலண்டனில் முழங்கினார். வல்லரசுகள் தம்முள் மோதவிருந்த பெரும்போரை அம்மாநாடு அப்போது தடுத்தது என்பதை மறுத்தல் நேர்மையன்று. ஆயினும் சைப்பிரஸைப் பெறக் கூறிய காரணம் நான்கே ஆண்டிற் பொருளிழந்தது. சுல்தானின் நிலங்களைக் காக்க முன்வந்த பிரித்தானியா, 1882இல் அவருக்குரிய எகிப்தைத் தானே கைப்பற்றியது. அங்கு எதிர்த்து நின்ற அராபி பாஷா 1883இல் இலங்கைக்கு நாடுகடத்தப்பட்டுக் கொழும்பிலும் கண்டியிலும் பதினெட்டு ஆண்டு வாழ்ந்ததை நம்மவர் அறிவர். சைப்பிரஸ் 1960 வரையும் பிரித்தானியாவின் கையில் இருந்தது.

வரைபடத்திலிட்ட கோடுகளை நிலத்தில் வாழ்ந்தோர் ஏற்றார்களா? பொஸ்னியாவைக் கைக்கொள்ளச் சென்ற அவுஸ்திரியப் படை, சரஜேவோவின் தெருக்களில் வீடுவீடாய்ப் போரிட நேர்ந்தது. அந்நாட்டை 1908இல் அவுஸ்திரியா முற்றாய் இணைத்துக்கொண்டது. அதே சரஜேவோவில் 1914இல் வெடித்த துப்பாக்கி உலகையே போரில் ஆழ்த்தியது. பல்கேரியர் ஏழு ஆண்டே பொறுத்தனர். 1885இல் கிழக்கு ருமேலியா தானே எழுந்து வடக்கோடு சேர்ந்தது. விந்தை யாதெனில், பல்கேரிய ஒற்றுமைக்காகப் போர் செய்த ருஷ்யா அவ்விணைப்பை எதிர்த்தது; பேர்லினில் இருந்து பிரிவினையை வற்புறுத்திய சோல்ஸ்பரி பிரபு, இப்போது பிரதம மந்திரியாய் அதனை ஆதரித்தார். நடைமுறைக்கே வராத சான் ஸ்தெபானோ உடன்படிக்கையின் நாளாகிய மார்ச் 3ஐ இன்றும் பல்கேரியர் தேசிய தினமாய்க் கொண்டாடுகின்றனர்.

மெஹ்மத் அலி பாஷாவின் முடிவு இவற்றுட் பலவற்றுக்கு முந்தியது. அல்பானியர் வாழ்ந்த பிளாவ், குசினியே ஆகிய இடங்களை மொன்ரிநீகுரோவுக்கு அளிப்பதென பேர்லினிலே தீர்மானமாயிற்று. பிறிசிரென் நகரிற் கூடிச் சங்கம் அமைத்த அல்பானியர் அதற்கு உடன்பட மறுத்தனர். கையொப்பமிட்டவரே சென்று அவர்களைச் சமாதானப்படுத்தட்டும் எனச் சுல்தானின் அரசு பாஷாவை அனுப்பியது. 1878 செப்டெம்பரில், மாநாடு கலைந்து இரண்டு மாதமும் நிறையுமுன், ஜியாக்கோவா நகரில் அவர் தங்கியிருந்த வீட்டை மக்கள் வளைத்துத் தீயிட்டு அவரைக் கொன்றனர். அவ்விரு இடங்களையும் அன்று எவராலும் கைமாற்ற இயலவில்லை. ஈற்றில், வல்லரசுகள் போர்க்கப்பல்களைக் காட்டி அச்சுறுத்த, அவற்றுக்கு ஈடாக உல்சின் என்னும் துறைமுகம் 1880 நவம்பரில் மொன்ரிநீகுரோவுக்கு அளிக்கப்பட்டது. அங்கும் அல்பானியர் எதிர்த்தனர். அவர்களை அடக்கி ஊரை ஒப்படைத்தது துருக்கியின் படையே.