எழுதுகோலும் இயக்கமும்: திரையுலகில் ஜெயகாந்தன்

தமிழ்த் திரைப்படத்தின் வாயில் எழுத்தாளர்களுக்கு என்றும் அடைபட்டிருந்ததில்லை. இன்றைய திருப்பூர் மாவட்டத்துப் பூளவாடியில் 1899இல் பிறந்த உடுமலை நாராயணகவி தம் பாடல்களால் அத்துறையில் நிலைத்த புகழ் பெற்றார். புதுமைப்பித்தன் சொந்தப் பட நிறுவனமே தொடங்கி ‘வசந்தவல்லி’யை எடுக்க முனைந்தார், அது நிறைவேறவில்லை. ‘ராஜமுக்தி’க்கு உரையாடல் எழுதப் புனே சென்றவர் காசநோயுடன் திரும்பி 1948இல் மறைந்தார். பாட்டும் உரையாடலும் எழுத்தாளருடையவை, படம் பிறருடையது என்பதே வழக்கமாயிற்று. பின்னலாடை நகரத்தார்க்கு இந்நிலை எளிதில் விளங்கும். துணி ஒருவருடையது; முத்திரையும் அவருடையதே; தைத்தவருக்குக் கூலி மட்டும். ‘ஜாப் ஒர்க்’ என்பது இங்கே அன்றாடச் சொல்.

அந்த ஏற்பாட்டுக்கு உடன்படாமல் படம் முழுவதையும் தம் பொறுப்பில் ஏற்றவர் ஜெயகாந்தன். 1934இல் கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்து, ஐந்தாம் வகுப்போடு பள்ளியை விட்டு, சென்னையில் பொதுவுடைமைக் கட்சியின் கூட்டு இல்லத்திலும் அச்சகத்திலும் வளர்ந்தவர் அவர். 1960இல் நிமாய் கோஷ் இயக்கிய ‘பாதை தெரியுது பார்’ படத்துக்குப் பாடல் எழுதினார். தொழிலாளர் ஒற்றுமையைப் பேசிய படம் அது.

1965இல் வெளிவந்த ‘உன்னைப்போல் ஒருவன்’ அவரே எழுதிய கதை, அவரே இயக்கிய படம். சித்தாள் வேலை செய்யும் தங்கம், அவள் மகன் சிட்டி, அவள் வாழ்வில் வரும் கிளி சோதிடன் மாணிக்கம் ஆகிய மூவரின் கதை சென்னைச் சேரியில் நிகழ்கிறது. அவர்களை இழிவுபடுத்தாமலும் தூய்மைப்படுத்தாமலும் காட்டியதே அப்படத்தின் அறம். வீணைக் கலைஞர் சிட்டிபாபு இசையமைத்தார். 1964ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் முதலிடம் சத்யஜித் ராயின் ‘சாருலதா’வுக்கு, மூன்றாவது சிறந்த படத்துக்கான தகுதிச் சான்றிதழ் இப்படத்துக்கு. ஆயினும் வணிக வெற்றி கிட்டவில்லை. அடுத்த ஆண்டே நகைச்சுவை நடிகராக அறியப்பட்ட நாகேஷைத் துயரப் பாத்திரத்தில் நிறுத்தி ‘யாருக்காக அழுதான்?’ படத்தை இயக்கினார்.

இதே காலத்தில் போலந்தில் ததேயுஷ் கோன்விட்ஸ்கி என்னும் நாவலாசிரியரும் இயக்குநராக விளங்கினார். 1926இல் பிறந்த அவர், 1958இல் மிகச் சிறிய குழுவுடன் பால்டிக் கடற்கரையில் இரண்டே நடிகர்களைக் கொண்டு ‘கோடையின் கடைசி நாள்’ படத்தை எடுத்தார். ‘சால்ட்டோ’ 1965இல் வந்தது. 1989இல் மித்ஸ்கியேவிச்சின் கவிதை நாடகத்தைத் திரைக்குக் கொணர்ந்தார். அங்கே படத்துக்குப் பணம் தந்தது அரசு, தணிக்கையும் அதனுடையதே. இங்கே விநியோகத்தரின் கணக்கே படத்தின் ஆயுளைத் தீர்மானித்தது. கோன்விட்ஸ்கி ஆறு முழுநீளப் படங்களை இயக்க முடிந்தது. அறுபதுகளின் அவ்விரு படங்களுக்குப் பின் ஜெயகாந்தனின் கதைகள் பெரும்பாலும் பிறர் இயக்கத்திலேயே திரையேறின. இருவரும் 2015இல் மறைந்தனர்.

ஆனால் அதன்பின் ஜெயகாந்தன் கூலிக்கு எழுதினார் என்று கூற இயலாது. ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ (1977), ‘ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள்’ (1978) ஆகியவற்றை ஏ. பீம்சிங் இயக்கினார். முன்னதற்குத் திரைக்கதை எழுதியவர் ஜெயகாந்தனே. அதில் நடித்த லட்சுமிக்குத் தேசிய விருது கிடைத்தது. நாவலின் நியாயம் திரையில் திரியவில்லை. பீம்சிங்கின் மகன் பி. லெனின் பின்னாளில் ஜெயகாந்தனின் ‘ஊருக்கு நூறு பேர்’ கதையைப் படமாக்கி, 2001ஆம் ஆண்டுக்கான சிறந்த இயக்குநர் தேசிய விருதைப் பெற்றார்.

‘ஓர் இலக்கியவாதியின் கலையுலக அனுபவங்கள்’ என்று தம் நூலுக்குப் பெயரிட்டார் ஜெயகாந்தன். அத்தலைப்பில் இலக்கியவாதியே முன் நிற்கிறான். கலையுலகம் அவன் சென்றுவந்த இடம். இன்று பாடல் எழுதவும் உரையாடல் எழுதவும் செல்லும் கவிஞர்கள் பலர். செல்வதில் இழுக்கில்லை. எழுதியது எவர் முத்திரையில் வெளிவந்தாலும், அதில் எழுதியவரின் மெய் எஞ்சுகிறதா என்பதே கேள்வி. வசூலில் தோற்ற அவ்விரு படங்களும் அக்கேள்வியை இன்றும் விடாமல் எழுப்புகின்றன.