49 வாக்குகளும் நீதிமன்றத்தின் படிகளும்

திருநெல்வேலி மாவட்டத்தின் தென்கோடியில், வள்ளியூர், பணகுடி, கூடங்குளம் முதலிய ஊர்களை உள்ளடக்கிய சட்டமன்றத் தொகுதி ராதாபுரம். 2016 ஆம் ஆண்டு மே மாதம் 16 ஆம் நாள் நடைபெற்ற தேர்தலில் இத்தொகுதியில் அ.தி.மு.க. வேட்பாளர் ஐ.எஸ். இன்பதுரை 69,590 வாக்குகளும், தி.மு.க. வேட்பாளர் மு. அப்பாவு 69,541 வாக்குகளும் பெற்றனர். வேறுபாடு 49. ஒரு சிறிய பள்ளிவாசலில் ஜும்ஆத் தொழுகைக்கு இரண்டு வரிசைகளில் நிற்போரின் எண்ணிக்கைதான் அது.

தோற்றவர் அம்முடிவை ஏற்கவில்லை. எண்ணிக்கையின்போது 203 தபால் வாக்குகள் செல்லாதவை என ஒதுக்கப்பட்டிருந்தன. வாக்காளரின் உறுதிமொழிப் படிவத்தில் சான்றொப்பமிட்டவர்கள் நடுநிலைப்பள்ளித் தலைமையாசிரியர்கள். அவர்கள் அதற்கு அதிகாரம் பெற்ற அலுவலர்கள் அல்லர் என்பது சொல்லப்பட்ட காரணம். 49 எங்கே, 203 எங்கே! தலைமையாசிரியர் ஒருவரின் கையொப்பம் செல்லுமா, செல்லாதா என்ற கேள்வியைப் பற்றிக்கொண்டு ஒரு தொகுதியின் ஐந்தாண்டுப் பிரதிநிதித்துவம் நின்றது.

எந்தக் கட்சியின் பக்கம் நியாயம் என்று ஆராய்வது நம் நோக்கமன்று. சட்டம் இயற்றும் மன்றம், அதை நடைமுறைப்படுத்தும் நிர்வாகம், இரண்டையும் சட்டத்தின் தராசில் நிறுக்கும் நீதித்துறை என்ற மூன்று உறுப்புகளைப் பள்ளிப் பாடநூலில் நம் பிள்ளைகள் மனப்பாடம் செய்கின்றனர். அவற்றுள் மூன்றாவது எவ்வாறு இயங்குகிறது, எங்கே தடுமாறுகிறது என்பதை நம் பக்கத்து ஊரின் இந்த வழக்கைப்போல் தெளிவாகக் காட்டுவது வேறொன்றில்லை.

முன்சீப் என்ற சொல்

நீதிமன்றம் என்றாலே நமக்கு அந்நியமான இடம் என்ற எண்ணம் நம் குடும்பங்களில் உண்டு. ஆனால் அங்கே வழங்கும் சொற்களைக் கேட்டுப் பாருங்கள். முன்சீப் என்பது 'இன்ஸாஃப்' செய்பவர், அதாவது நியாயம் வழங்குபவர் என்று பொருள்படும் அரபுச் சொல். நிக்காஹ் மஜ்லிஸில் நாம் கேட்கும் 'வக்கீல்' என்ற அதே சொல்தான் வழக்கறிஞரையும் குறிக்கிறது. நம்பிக்கைக்குரியவர் என்ற பொருளுடைய 'அமீன்' நீதிமன்றத்தில் அமீனா ஆயிற்று. தாவா, ஜாமீன், ஆஜர், ஜப்தி, ரத்து, வக்காலத்து ஆகிய யாவும் அரபு, பாரசீக வழியில் வந்து தமிழில் குடியேறியவையே.

இதற்குக் காரணம் வரலாற்றில் இருக்கிறது. ஆர்க்காட்டு நவாபின் ஆட்சியில் இருந்த திருநெல்வேலிச் சீமை 1801 இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்கு முழுமையாகச் சென்றது. அடுத்த ஆண்டே சென்னை மாகாணத்தில் ஜில்லா நீதிமன்றங்களும், அவற்றின் மேல் சென்னையில் சதர் அதாலத்தும் அமைந்தன. இந்து சட்டத்தை எடுத்துரைக்கப் பண்டிதர்களும், இஸ்லாமியச் சட்டத்தை எடுத்துரைக்கக் காஜிகளும் முஃப்திகளும் நீதிமன்ற அலுவலர்களாக அமர்த்தப்பட்டனர். 1816 இன் ஒழுங்குமுறைச் சட்டங்கள் மாவட்ட முன்சீப், கிராம முன்சீப் என்ற பதவிகளை உருவாக்கின. 1862 இல் சதர் அதாலத்தும், சென்னை நகருக்கென 1801 இல் தோன்றியிருந்த சுப்ரீம் கோர்ட்டும் ஒன்றாக்கப்பட்டுச் சென்னை உயர் நீதிமன்றம் பிறந்தது.

இதற்குப் பின்னர் 1864 இல் நீதிமன்றத்தில் காஜி, முஃப்தி பதவிகள் நீக்கப்பட்டன. 1880 இன் காஜிகள் சட்டம் காஜிகளை அரசு நியமிக்க வழிசெய்தது. எனினும், நீதி வழங்கும் அதிகாரம் எதுவும் அவர்களுக்கு இல்லை என்று அச்சட்டமே தெளிவாகக் கூறியது. இன்றும் நம் மாவட்டக் காஜிகளின் நிலை அதுவே. 1937 இன் ஷரீஅத் சட்டப்படி நம் திருமணம், வாரிசுரிமை போன்றவற்றில் இஸ்லாமியச் சட்டம் பொருந்தும். ஆயினும் வழக்கென்று வந்தால் அதைப் பொருத்தித் தீர்ப்பளிப்பவர் நாட்டின் நீதிமன்ற நீதிபதியே.

படிகள்

உரிமையியல் வழக்கு ஒன்று முன்சீப் நீதிமன்றத்தில் தொடங்கக்கூடும். ராதாபுரம் வட்டாரத்து மக்களுக்கு வள்ளியூர், நாங்குநேரி ஆகிய ஊர்களின் நீதிமன்றங்கள் பழக்கமானவை. வழக்கின் மதிப்பு உயர்ந்தால் சார்பு நீதிமன்றம்; அதற்கு மேல் பாளையங்கோட்டையில் இயங்கும் மாவட்ட நீதிமன்றம். குற்ற வழக்குகள் நடுவர் நீதிமன்றத்திலிருந்து அமர்வு நீதிமன்றம் செல்லும். அதன் மேல் உயர் நீதிமன்றம். 2004 ஜூலை 24 அன்று மதுரைக் கிளை திறக்கப்பட்ட பின், தென்மாவட்டத்தார் பெரும்பாலான மேல்முறையீடுகளுக்குச் சென்னை வரை போகவேண்டிய துன்பம் நீங்கிற்று. எல்லாவற்றுக்கும் உச்சியில், 1950 ஜனவரி 28 அன்று தொடங்கப்பட்ட உச்ச நீதிமன்றம். தலைமை நீதிபதி உட்பட அங்கே 34 நீதிபதிகளுக்கு இடமுண்டு.

இப்படிகளுக்கு ஒரு பொருள் உண்டு. மனிதர் எவரும் தவறுக்கு அப்பாற்பட்டவர் அல்லர். ஆகவே ஒருவரின் தீர்ப்பை மற்றொருவர் மீளாய்வு செய்ய வாய்ப்பு வேண்டும். அரசமைப்புச் சட்டத்தின் 50 ஆம் உறுப்பு நீதித்துறையை நிர்வாகத்திலிருந்து பிரித்து வைக்கப் பணிக்கிறது. 226 ஆம் உறுப்பு உயர் நீதிமன்றத்துக்கும், 32 ஆம் உறுப்பு உச்ச நீதிமன்றத்துக்கும் அரசின் செயலையே தட்டிக்கேட்கும் அதிகாரத்தை அளிக்கின்றன.

தேர்தலும் நீதிமன்றமும்

தேர்தல் வழக்கு மட்டும் இப்படிகளில் ஒவ்வொன்றாக ஏறுவதில்லை. இதை வகுத்த முதற்பெரும் தீர்ப்பும் தமிழ்நாட்டிலிருந்தே எழுந்தது. நாட்டின் முதல் பொதுத்தேர்தலில் நாமக்கல் தொகுதியில் பொன்னுசாமி என்பவரின் வேட்புமனு தள்ளுபடியாயிற்று. அவர் உயர் நீதிமன்றத்தை நாடினார். பின்பு உச்ச நீதிமன்றம் சென்றார். தேர்தல் நடந்துகொண்டிருக்கையில் நீதிமன்றம் குறுக்கிடலாகாது. முடிந்த பின் தேர்தல் மனு வழியாகவே கேள்வி எழுப்பலாம் என 1952 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அரசமைப்பின் 329 ஆம் உறுப்பு கூறுவது அதுவே.

தொடக்கத்தில் அம்மனுக்களைத் தனித் தீர்ப்பாயங்கள் விசாரித்தன. 1966 இன் சட்டத்திருத்தம் அப்பொறுப்பை உயர் நீதிமன்றங்களிடம் ஒப்படைத்தது. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1951 இன்படி முடிவு அறிவித்த 45 நாட்களுக்குள் மனுச் செய்ய வேண்டும். ஆறு மாதங்களுக்குள் விசாரணையை முடிக்க உயர் நீதிமன்றம் முயல வேண்டும். மேல்முறையீட்டை மூன்று மாதங்களுக்குள் முடிக்க உச்ச நீதிமன்றம் முயல வேண்டும்.

இவ்வதிகாரத்தின் வலிமையை 1975 ஜூன் 12 அன்று நாடே கண்டது. பிரதமராக இருந்த இந்திரா காந்தியின் தேர்தல் செல்லாது என அலகாபாத் உயர் நீதிமன்ற நீதிபதி ஜக்மோகன் லால் சின்ஹா தீர்ப்பளித்தார். ஆனால் அந்தத் தேர்தல் நடந்தது 1971 இல். வலிமையோடு தாமதமும் அன்றே சேர்ந்துதான் இருந்தது.

பெட்டிக்குள் இருந்த விடை

ராதாபுரத்திற்கு வருவோம். அப்பாவு தொடுத்த தேர்தல் மனுவைச் சென்னை உயர் நீதிமன்றம் விசாரித்தது. ஒதுக்கப்பட்ட 203 தபால் வாக்குகளையும், மின்னணு இயந்திர வாக்குகளில் 19, 20, 21 ஆம் சுற்றுகளையும் மீண்டும் எண்ணுமாறு நீதிபதி ஜி. ஜெயச்சந்திரன் 2019 அக்டோபர் 1 அன்று உத்தரவிட்டார். ஆறு மாதம் என்று சட்டம் விரும்பிய பணிக்கு மூன்றாண்டுகளுக்கும் மேல் ஆகியிருந்தது.

அக்டோபர் 4 அன்று உயர் நீதிமன்ற வளாகத்திலேயே மறு எண்ணிக்கை நடந்தது. ராதாபுரத்து மக்கள் அளித்த வாக்குகள், 600 கிலோமீட்டருக்கும் அப்பால் எண்ணப்பட்டன. அதே நாளில், இன்பதுரையின் மேல்முறையீட்டில், முடிவை அறிவிக்க உச்ச நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. மேல்முறையீடு அவருக்குச் சட்டம் அளித்த உரிமை. அதைப் பயன்படுத்தியதில் பிழையில்லை. எனினும் அத்தடை நீடித்தது. அப்பேரவையின் ஆயுட்காலம் 2021 மே மாதம் முடியும்வரை எண்ணிய வாக்குகளின் முடிவு அறிவிக்கப்படவில்லை. அவ்வாண்டுத் தேர்தலில் அப்பாவு இதே தொகுதியில் வென்று பேரவைத் தலைவரானார்.

அத்தலைவர்களின் அரசியல் வாழ்வு தொடர்ந்தது. ஆனால் அந்த 203 பேர்? தமது வாக்கு செல்லுமா என்ற அவர்களுடைய கேள்விக்கு, விடை பயன்பட்டிருக்கக்கூடிய ஐந்து ஆண்டுகளும் விடையின்றியே கழிந்தன. வாக்கு எண்ணப்பட்டது, ஆனால் கணக்கில் சேரவில்லை. இதில் எவரோ ஒருவரைக் குற்றவாளி ஆக்க முடியாது. ஒவ்வொரு படியும் தன் கடமையைச் செய்தது. படிகள் யாவும் சேர்ந்து எடுத்துக்கொண்ட காலமே குறை.

ஒரு பழைய கடிதம்

கலீஃபா உமர் (ரலி) அவர்கள், நீதி வழங்கும் பொறுப்பில் இருந்த அபூ மூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களுக்கு எழுதியதாக மரபில் புகழ்பெற்ற கடிதம் ஒன்றுண்டு. வாதி, பிரதிவாதி இருவரையும் பார்வையிலும் இருக்கையிலும் சமமாக நடத்த வேண்டும் என்பது அதன் முதன்மையான அறிவுரைகளுள் ஒன்று. நாம் இங்கே நினைவுகூர வேண்டியவை வேறு இரண்டு. முன்பு அளித்த தீர்ப்பில் பிழை தெரிந்தால் உண்மையின் பக்கம் திரும்பத் தயங்கலாகாது என்பது ஒன்று. சான்று கொண்டுவர அவகாசம் கேட்பவருக்கு ஒரு தவணையைக் குறித்துவிட வேண்டும். அத்தவணைக்குப் பின் தீர்ப்பை முடித்துவிட வேண்டும் என்பது மற்றொன்று.

முதலாவது அறிவுரையே இன்றைய மேல்முறையீட்டின் உயிர். இரண்டாவது, காலவரையறையின் உயிர். பிழை திருத்த வாய்ப்பில்லாத நீதி கொடுமையாகும்; முடிவே வராத நீதி வெறுங்கையாகும். நம் நாட்டு நீதித்துறை முதலாவதை விரிவாகக் கட்டியெழுப்பியிருக்கிறது. இரண்டாவதைச் சட்டப் புத்தகத்தில் எழுதியும், நடைமுறையில் எட்டத் தவறிவிடுகிறது.

நம் வீடுகளுக்கு

இவ்வழக்கிலிருந்து நம் குடும்பங்கள் எடுத்துக்கொள்ள வேண்டியவை உண்டு. படிவத்தில் யார் சான்றொப்பமிட வேண்டும் என்று முன்கூட்டியே கேட்டறிவது சிறு வேலை. கேட்காமல் விட்டால் அது பெரிய இழப்பாகலாம். பாகப்பிரிவினை, மஹர், வாடகை, கடன் எதுவாயினும் எழுத்தில் வைத்துக் காப்பது கடமை. உரிய கெடுவைத் தவறவிட்டவரின் நியாயம் எவ்வளவு உறுதியானதாயினும் வாசலிலேயே நின்றுவிடக்கூடும்.

வழக்குக்குச் செல்லுமுன் ஜமாஅத் பெரியோர் முன்னிலையில் சமாதானம் பேசுவது நல்லது. ஆனால் பலவீனமானவரின் வாயை அடைப்பது சமாதானம் ஆகாது. 1987 இன் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி பெண்களும் சிறுவர்களும் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி பெறலாம். அதற்கான குழுக்கள் வட்ட அளவிலேயே இயங்குகின்றன. ஜீவனாம்சத்திற்காகவோ வாரிசுப் பங்கிற்காகவோ தவிக்கும் சகோதரி ஒருவர் நம் மஹல்லாவில் இருந்தால், அவரை அங்கே அழைத்துச் செல்வது நம் பொறுப்பு. காலத்தோடு அழைத்துச் செல்ல வேண்டும் என்பதே ராதாபுரம் நமக்குக் கற்றுத்தரும் பாடம்.