காலதாமத மன்னிப்பு

கெடு முடிந்த பின் தாக்கலாகும் மேல்முறையீட்டையோ மனுவையோ, தாமதத்துக்குப் போதிய காரணம் இருந்தால் நீதிமன்றம் ஏற்றுக்கொள்வதே காலதாமத மன்னிப்பு. இதற்கு அடிப்படை, 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 5ஆம் பிரிவு. உரிமையியல் மேல்முறையீட்டுக்கு உயர் நீதிமன்றத்தில் 90 நாள், மற்ற நீதிமன்றங்களில் 30 நாள் கெடு. மயிலாப்பூர் வீட்டுப் பாகப்பிரிவினைக்கும் இதுவே கணக்கு. சைதாப்பேட்டைக் குற்றவியல் நடுவர் விதித்த தண்டனையை எதிர்த்து அமர்வு நீதிமன்றம் செல்லவும் 30 நாள்தான். புதிதாக வழக்குத் தொடுக்கும் கெடுவுக்கு 5ஆம் பிரிவு உதவாது.

மன்னிப்புக் கேட்கும் முன், கெடு உண்மையிலேயே கடந்துவிட்டதா என்று பார்க்க வேண்டும். தீர்ப்பு சொன்ன நாளும், நகல் பெறத் தேவைப்பட்ட நாள்களும் 12ஆம் பிரிவின்படி கழிந்துவிடும். மனுப் போட்ட தேதி, முத்திரைத்தாள் கேட்ட தேதி, அதைக் கட்டிய தேதி, நகல் தயாரான தேதி, கொடுத்த தேதி என எல்லாம் சான்றிட்ட நகலிலேயே வரிசையாகக் குறித்திருக்கும். வக்கீல் குமாஸ்தா விரல்விட்டு எண்ணுவது அந்தத் தேதிகளைத்தான். தயாரான நகலை வாங்காமல் விட்ட நாள்கள் கழியா. கடைசி நாள் கோடை விடுமுறையில் விழுந்தால், நீதிமன்றம் திறக்கும் அன்றே தாக்கல் செய்துவிட வேண்டும்.

பிரிட்டிஷ் இந்தியாவின் முதல் பொதுக் காலவரையறைச் சட்டம் 1859இல் வந்தது. 1871, 1877, 1908 ஆகிய ஆண்டுகளில் புதுச் சட்டங்கள் அதன் இடத்தைப் பிடித்தன. ‘போதிய காரணம்’ எது என்று சட்டம் விளக்கவில்லை. அந்த வெற்றிடத்தை நிரப்பியது சென்னை உயர் நீதிமன்றம். 1890ஆம் ஆண்டுத் தீர்ப்புத் திரட்டில் உள்ள கிருஷ்ணா எதிர் சாத்தப்பன் வழக்கில், மேல்முறையீட்டாளரிடம் அசட்டையோ செயலின்மையோ கெட்ட எண்ணமோ இல்லையென்றால், நியாயம் கிடைக்கும்படி அந்தச் சொற்களுக்குத் தாராளமாகப் பொருள் கொள்ள வேண்டும் என்று நீதிபதிகள் வகுத்தனர். இன்றும் பிரமாணப் பத்திரங்கள் இந்த அளவுகோலை வைத்துத்தான் எழுதப்படுகின்றன.

1961இல் ராம்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. கெடுவின் கடைசி நாள்வரை காத்திருந்தது குற்றமில்லை, அதற்குப் பிந்தைய நாள்களுக்குக் காரணம் சொன்னால் போதும் என்றது. காரணம் போதுமானதாக இருந்தாலும் மன்னிப்பு உரிமையாகிவிடாது, அது நீதிமன்றத்தின் விருப்புரிமை என்றும் சொன்னது. 1987இல் கதிஜி வழக்கில், ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் கேட்பதைப் பிடிவாதமாக இழுத்துச்செல்லக் கூடாது என்று தெளிவுபடுத்தியது. அங்கே தாமதம் 4 நாள்.

சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றம் சென்ற பாலகிருஷ்ணன் வழக்கில் 883 நாள். அது மேல்முறையீடு அல்ல. ஒருதலைப்பட்சத் தீர்ப்பை நீக்கக் கோரிய மனு தள்ளுபடியானதால் எழுந்த வழக்கு. வக்கீலை நம்பி ஏமாந்தவரின் விளக்கத்தைக் கீழ் நீதிமன்றம் ஏற்றது, உயர் நீதிமன்றம் மறுத்தது. 1998இல் உச்ச நீதிமன்றம் கீழ் நீதிமன்றத்தின் பக்கம் நின்று, தாமதத்தின் நீளம் பெரிதல்ல, விளக்கம் நம்பத்தக்கதா என்பதே கேள்வி என்றது. எதிர்க்கட்சிக்கு நேரும் அலைச்சலுக்குச் செலவுத் தொகை கொடுக்க வைக்கும் முறையையும் அத்தீர்ப்பு வலியுறுத்தியது. சாமானியக் கட்சிக்காரருக்கு இதைவிடப் பெரிய பாதுகாப்பு இத்துறையில் இல்லை.

அரசுத் துறைகளுக்கு அந்தச் சலுகை சுருங்கிவருவது நியாயமே. கோப்பு மேசை மேசையாக நகர்ந்தது என்ற காரணத்தை 2012இல் அஞ்சல் துறையின் 427 நாள் தாமதத்தில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. மாறாக, கொரோனாவின்போது யாரும் மனுப் போடத் தேவையின்றி, 15.3.2020 முதல் 28.2.2022 வரையிலான காலம் நாடெங்கும் கெடுக் கணக்கிலிருந்து விலக்கப்பட்டது.

சில தனிச் சட்டங்களில் கதவு முழுதாக அடைபடும். நடுவர் மன்றத் (arbitration) தீர்ப்பை எதிர்க்க 3 மாதம், தாமதத்துக்கு மேலும் 30 நாள். அதற்கு மேல் எந்தக் காரணமும் செல்லாது என்று 2001இல் முடிவானது. நொடிப்புநிலைச் சட்டத்தில் மேல்முறையீட்டுக்கு 30 நாள், கூடுதலாக 15 நாள் மட்டுமே.