சோலைமந்தியும் துண்டுபட்ட காடும்



இராயபுரம் புகைவண்டி நிலையத்தை நீங்கள் பலமுறை கண்டிருப்பீர்கள். 1856 ஜூலை 1-ஆம் நாள் தென்னிந்தியாவின் முதல் பயணிகள் வண்டி அங்கிருந்துதான் வாலாஜா சாலைக்குப் புறப்பட்டது. இவ்வாண்டை மாணவர்க்கு மனப்பாடம் செய்வித்த ஆசிரியர்களுள் நானும் ஒருவன். அதே 1856-இல் மற்றொரு நிகழ்ச்சியும் நடைபெற்றது. ஹியூ கிளெக்ஹார்ன் என்னும் மருத்துவர், சென்னை மாகாணத்தின் காட்டுப் பாதுகாவலராக அமர்த்தப்பட்டார். இவ்விரண்டையும் சேர்த்துப் படித்தல் நலம்.

இரும்புப் பாதைக்கு இரும்பு மட்டும் போதாது. தண்டவாளங்களைத் தாங்கச் சிலிப்பர்க் கட்டைகள் வேண்டும். அவை மழையிலும் வெயிலிலும் சில ஆண்டுகளில் பழுதாகிவிடும். மீண்டும் மரம் வெட்டவேண்டும். தென்னிந்தியக் காடுகளைப் பற்றி 1861-இல் வெளியிட்ட நூலில் கிளெக்ஹார்ன் இத்தேவையைக் குறித்து எழுதியிருக்கிறார். இரும்புப் பாதை மரத்தைக் கேட்டது. மலைமேல் ஏறிய காப்பித் தோட்டமும் தேயிலைத் தோட்டமும் நிலத்தையே கேட்டன. ஆனைமலையில் வால்பாறைப் பீடபூமி 1890-களுக்குப் பின்னர் பெரும்பாலும் தோட்டமாயிற்று. ஓடைக்கரைகளிலும், செங்குத்தான சரிவுகளிலும், தோட்டங்களின் ஓரங்களிலும் மட்டுமே பழைய மழைக்காடு துண்டு துண்டாக எஞ்சியது. ஏறத்தாழ 220 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள அப்பீடபூமியில் இத்தகைய காட்டுத் துண்டுகள் நாற்பதுக்கும் மேல் உள்ளன.

அங்கேதான் சோலைமந்தி வாழ்கிறது. சிங்கவால் குரங்கு என்றும் இதனை அழைப்பர். கரிய உடல், முகத்தைச் சுற்றி நரைத்த பிடரிமயிர், வால் நுனியில் சிங்கத்துக்குள்ளது போன்ற குஞ்சம். தொல்காப்பிய மரபியல் குரங்கினத்துள் முசு, ஊகம் எனப் பெயர் பிரித்துக் கூறுவதை நீங்கள் அறிவீர்கள். நம் முன்னோர் குரங்கையும் கூர்ந்து நோக்கினர் என்பதற்கு அது சான்று. சோலைமந்தி உலகிலேயே மேற்குத் தொடர்ச்சி மலையில் மட்டும் வாழ்வது. தமிழ்நாடு, கேரளம், கருநாடகம் ஆகிய மூன்று மாநிலங்களிலும் சேர்த்து 4,000-க்கும் குறைவாகவே உள்ளது என மதிப்பிடுகின்றனர்.

காடு துண்டுபட்டால் இவ்விலங்குக்கு நேரும் கேடு யாது? இது மரக்கிளைகளின் வழியே செல்லும் விலங்கு. பலாவும் வெடிப்பலாவும் ஒரே காலத்தில் ஓரிடத்தில் பழுப்பதில்லை. பழம் தேடி நெடுந்தொலைவு போகவேண்டும். கிளை அறுந்தால் வழி அறுந்தது. மற்றக் கூட்டத்தோடு கலக்க இயலாமையால், சிறு கூட்டம் தன்னுள்ளேயே இனம் பெருக்கி நலிகிறது. பெண்குரங்கு ஆறு வயதுக்குப் பின்னரே தாயாகிறது. அடுத்த குட்டிக்கு இரண்டரை ஆண்டளவு கடக்கும். ஆதலின் இழந்ததை விரைவில் ஈடு செய்யவும் இயலாது.

இவ்வுண்மையை உலகம் மெல்ல உணர்ந்தது. 1976-இல் திருநெல்வேலிச் சீமையிலுள்ள களக்காடு, இக்குரங்கைக் காக்கவே சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டில் ஆப்பிரிக்காவின் கென்யா நாடும், தானா ஆற்றங்கரைக் காட்டுத் துண்டுகளில் வாழும் செங்கொலோபஸ் குரங்குக்காக ஒரு காப்பகம் அமைத்தது. கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்கில் குந்திப்புழையின் குறுக்கே அணைகட்டி மின்சாரம் எடுக்கத் திட்டமிட்டபோது, ஆசிரியர்களும் அறிவியலாரும் கவிஞர்களும் எதிர்த்தனர். சோலைமந்தி அவ்வியக்கத்தின் சின்னமாயிற்று. திட்டம் கைவிடப்பட்டு, 1984-இல் அப்பள்ளத்தாக்கு தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. மின்சாரம் வேண்டும் என்றோரும் நாட்டின் நன்மையையே நினைத்தனர். அதனால்தான் அத்தீர்ப்பு எளிதாய் அமையவில்லை.

வால்பாறையில் இன்று வேறொரு பணி நடைபெறுகிறது. அங்குள்ள புதுத்தோட்டம் என்னுமிடத்தில், 100 ஹெக்டேருக்கும் குறைந்த காட்டுத் துண்டில் சோலைமந்திகள் பல வாழ்கின்றன. இடம் போதாமையால் அவை தரையில் இறங்கிச் சாலையைக் கடக்கின்றன. வண்டியில் அடிபட்டு மாண்டவையும் உண்டு. ஆகவே சாலைக்கு மேலே மரத்துக்கு மரம் தொங்கு பாலங்கள் கட்டியிருக்கின்றனர். தோட்ட நிறுவனங்கள் சிலவற்றின் இசைவோடு, இயற்கை ஆர்வலர்கள் 2000-ஆம் ஆண்டையொட்டிச் சிதைந்த துண்டுகளில் அந்நிலத்துக்குரிய மரங்களையே நடத் தொடங்கினர். ஒரு நாளில் வெட்டிய மரம் வளர ஒரு தலைமுறை வேண்டும் என்பதை அறிந்தே நடுகின்றனர்.

வடசென்னை மாணவராகிய நமக்கு இதனால் ஆவதென்ன என்று கேட்பீர்கள். கொற்றலையாறு கடலோடு கலக்கும் எண்ணூர்க் கழிமுகத்துக்கு ஒருமுறை சென்று பாருங்கள். துறைமுகமும் அனல்மின் நிலையமும் நமக்குப் பிழைப்பளித்தன. அவற்றினிடையே அலையாத்தி மரங்கள் ஆங்காங்கே சிறு திட்டுகளாய் நிற்கின்றன. அங்கே குரங்கில்லை, மீனும் இறாலும் அவற்றை நம்பிய மீனவரும் உள்ளனர். எத்திட்டு எத்திட்டோடு இன்னும் நீரால் இணைந்திருக்கிறது, எது அறுந்துவிட்டது என்று ஒரு படம் வரைந்து பாருங்கள். உங்கள் ஊரின் வரலாற்றுப் பாடத்தை நீங்களே எழுத அது நல்ல தொடக்கமாகும்.