கண்டிக் காணியும் தடையுத்தரவும்

வழக்குத் தீருமுன் வழக்குப் பொருள் கைநழுவிப் போய்விடுமே என்ற கவலை மிகப் பழையது. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டி நாட்டைக் கண்ட மார்க்கோ போலோ, அங்கே கடன் கொடுத்தவன் கடனாளியைச் சுற்றித் தரையில் ஒரு வட்டம் வரைவான் என்றும், கடனைத் தீர்க்காமலோ பிணை கொடாமலோ கடனாளி அவ்வட்டத்தைத் தாண்டலாகாது என்றும் எழுதிவைத்தார். குதிரைமீது வந்த அரசனையே ஒரு வணிகன் இவ்வாறு மறித்தானாம். அரசனும் கடன் தீரும்வரை அசையவில்லையாம். கண்டி இராச்சியத்திலும் இதற்கு உறவான வழக்கம் ஒன்று இருந்தது. ‘வெலெக்ம’ என்பர்; தடுத்தல் என்று பொருள். அரசன் பெயரைச் சொல்லித் தடுத்தால், கடனாளி நின்ற இடத்தைவிட்டு அகலான்.

ஆளை வட்டத்துள் நிறுத்தலாம். காணியை எவ்வாறு நிறுத்துவது?

மன்னர் காலத்தில் இக்கேள்வி அத்துணைக் கூர்மையாக எழவில்லை. காணியை முற்றாக விற்றவன்கூட, தன் வாழ்நாளுக்குள், வாங்கிய விலையையும் திருத்திய செலவையும் கொடுத்து அதனை மீட்கலாம் என்று பழைய கண்டிச் சட்டத்தைக் குறித்துவைத்த சைமன் சாவர்ஸ் கூறுகிறார். விற்பனையே முடிவானதன்று என்றால், அதைத் தடுக்க அவசரம் ஏது? 1815 மார்ச் 2ஆந் தேதி மகுல் மடுவத்தில் செய்த உடன்படிக்கை, நீதி பழைய முறைப்படியே வழங்கப்படும் என்று வாக்களித்தது. வாக்கு ஏட்டில் இருந்தது. மலைக்குக் கோப்பி வந்தது. 1824இல் கம்பளைக்கு அருகே ஜோர்ஜ் பேர்ட், அடுத்துக் கன்னொறுவையில் தேசாதிபதி பார்ன்ஸ் என்று தோட்டங்கள் எழுந்தன. ஏக்கர் ஐந்து சிலினுக்குப் போன முடிக்குரிய காணியின் விலை 1844இல் இருபது சிலினாக உயர்த்தப்பட்டது. காணி இப்போது வயலும் தோப்பும் மட்டுமன்று, சரக்குமாயிற்று.

சரக்கானதற்கு எழுத்து வேண்டும். 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச்சட்டம், காணி விற்பனை மாத்திரமன்றி, விற்பதாகக் கொடுக்கும் வாக்கும் நொத்தாரிசு முன்னிலையில், இரு சாட்சிகளோடு, கையொப்பமிடப்படல் வேண்டும் என்றது. பின்பு பதிவு வந்தது. 1927ஆம் ஆண்டின் ஆவணப் பதிவுக் கட்டளைச்சட்டப்படி, மோசடி இல்லாவிடின், முந்திப் பதிந்த உறுதியே முந்தி நிற்கும். இங்கேதான் ஆபத்து. பேராதனையில் ஒருவன் தன் காணியை விற்பதாக உடன்பட்டு முற்பணமும் வாங்குகிறான் என்று வைத்துக்கொள்வோம். விலை ஏறுகிறது, மனம் மாறுகிறது. ஏமாந்தவன் கண்டி மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கு வைக்கிறான். வழக்கு தவணைமேல் தவணையாகப் போக, எதிராளி வேறொருவனுக்கு உறுதி முடித்துப் பதிவுக் கந்தோரிலும் பதிந்துவிட்டால், வெற்றிபெற்ற வழக்காளிக்குத் தீர்ப்புக் காகிதமே மிஞ்சும்.

இதைத் தடுப்பதற்கே 1889இல் இரு கட்டளைச்சட்டங்கள் வழிசெய்தன. வழக்குப் பொருளைப்பற்றி எதிராளி செய்யவிருக்கும் காரியம் தீர்ப்பைப் பயனற்றதாக்கும் என்றால் தடையுத்தரவு வழங்கலாம் என்றது நீதிமன்றக் கட்டளைச்சட்டம். விண்ணப்பம் சத்தியக்கடதாசியோடு வரல்வேண்டும் என்றது குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை. மறுபக்கத்தாருக்கு அறிவித்தல் கொடுத்தே உத்தரவு பிறக்கும். தாமதத்தால் நோக்கமே கெடும் என்றால்தான் அதற்கு விலக்கு. போதிய காரணமின்றித் தடை பெற்றவன் நட்டஈடு கொடுக்க நேரும். அதுவும் நியாயமே, காணி விற்க முடியாமல் கிடப்பவனுக்கும் வயிறு உண்டு. நீதிமன்றக் கட்டளைச்சட்டம் வகுத்த அந்த அதிகாரம் இன்று 1978ஆம் ஆண்டின் நீதித்துறைச் சட்டத்தில் இருக்கிறது.

எனினும் தடையுத்தரவு பழைய வட்டத்தின் இனத்தைச் சேர்ந்தது. அது ஆளைக் கட்டுமேயன்றிக் காணியைக் கட்டாது. மீறி விற்றவன் நீதிமன்ற அவமதிப்புக்குத் தண்டனை பெறுவான். வாங்கிய மூன்றாமவனோடு வழக்காளி மறுபடி மல்லுக்கு நிற்கவேண்டும். இந்தியாவில் 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம், வழக்கு நடக்கையில் வாங்கியவனையும் தீர்ப்புக்குக் கட்டுப்படுத்துகிறது. இலங்கையிலோ, காணியைப் பாதிக்கும் வழக்கு நிலுவையில் உள்ளதென்பதையும் பதிவேட்டில் பதிந்தாலன்றி அந்தக் காப்புக் கிட்டாது. வழக்கைப் பதியத் தவறியவனுக்கு 1917ஆம் ஆண்டின் நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச்சட்டம் ஒரு வாசலைத் திறந்து வைத்திருக்கிறது: காணி வாங்கப்படுமுன் முறைப்படி பதியப்பட்ட முந்திய உடன்படிக்கையை அறிந்தே வாங்கியவன், வேண்டிய அளவுக்கு, முந்தியவனின் நன்மைக்காகவே காணியை வைத்திருக்கவேண்டும். அவன் அறிந்திருந்தானா என்பதை நிறுவுவதற்கு மீண்டும் சாட்சிகள், மீண்டும் தவணைகள்.