பிரான்ஸ் ஓஸ்டன்: 'தீண்டப்படாத பெண்'ணை இயக்கிய நாஜிக் கட்சிக்காரர்

1936ஆம் ஆண்டை நாம் எதற்காக நினைவில் வைத்திருக்கிறோம்? லாகூரின் ஜாத்-பாத் தோடக் மண்டல் அமைப்பு மாநாட்டை ரத்து செய்த பிறகு, அண்ணல் அம்பேத்கர் தான் ஆற்ற முடியாமல் போன தலைமையுரையைத் தானே அச்சிட்டு வெளியிட்ட ஆண்டு அது. 'சாதி ஒழிப்பு' என்ற அந்த நூலைப் படிக்காமல் யாரும் இயக்கத்துக்கு வருவதில்லை.

அதே ஆண்டில்தான் பம்பாய் டாக்கீஸ் 'அச்சூத் கன்யா' என்ற இந்திப் படத்தை வெளியிட்டது. தலைப்பின் பொருள் 'தீண்டப்படாத பெண்'. இந்திய சினிமா வரலாற்று நூல்கள் இதைத் தீண்டாமைக்கு எதிரான முன்னோடிப் படம் என்று கொண்டாடுகின்றன. அதை இயக்கிய ஜெர்மானியர் பிரான்ஸ் ஓஸ்டன், அதே 1936இல் ஹிட்லரின் நாஜிக் கட்சியில் உறுப்பினரானவர். இந்த முரணைப் புரிந்துகொள்ள அவரது வாழ்க்கையைச் சற்றுப் பார்ப்போம்.

ஓஸ்டனின் இயற்பெயர் பிரான்ஸ் ஆஸ்டர்மயர். 1876இல் மியூனிக் நகரில் பிறந்தார். தந்தை புகைப்படக் கலைஞர்; மகனும் அதே தொழிலைக் கற்றார். 1907இல் தம்பி பீட்டருடன் சேர்ந்து ஊர் ஊராகப் படம் காட்டும் தொழிலில் இறங்கினார். முதல் உலகப் போருக்குப் பின், பீட்டர் தொடங்கிய எமெல்கா நிறுவனத்துக்காக பவேரிய மலைக்கிராமத்து விவசாயிகளின் கதைகளை மௌனப் படங்களாக எடுத்தார். ஜெர்மன் மௌனப் பட வரலாற்றில் லாங், முர்னாவ் பெயர்களோடு அவர் பெயர் சேர்க்கப்படுவதில்லை. கொடுத்த வேலையை ஒழுங்காக முடித்துத் தருகிற இயக்குநர் என்பதுதான் அவருக்கிருந்த மதிப்பு.

1924இல் ஹிமான்ஷு ராய் என்ற வங்காளி இளைஞர், புத்தரின் வாழ்க்கையைப் படமாக்கும் திட்டத்துடன் மியூனிக்குக்கு வந்தார். எமெல்கா ஓஸ்டனை அனுப்பிவைத்தது. ஒளிப்பதிவாளர் ஜோசப் விர்ஷிங் உள்ளிட்ட சிறு குழுவுடன் இந்தியா வந்து அவர் எடுத்த படம் 'பிரேம் சன்யாஸ்' (1925). மூலம் எட்வின் ஆர்னால்டின் 'ஆசிய ஜோதி'. ஜெய்ப்பூர் மகாராஜா யானைகளையும் ஆடை அணிகளையும் தந்து உதவினார். படத்தின் கண் அரண்மனையிலும் துறவிலுமே நிற்கிறது. நாவிதர் உபாலியையும் துப்புரவுத் தொழிலாளி சுனீதரையும் சங்கத்தில் சமமாக ஏற்ற புத்தரை ஐரோப்பியப் பார்வையாளர்கள் அதில் பார்க்கவில்லை. அவர்களுக்குக் கிடைத்தது ராஜாக்களின் இந்தியாதான். தாஜ்மகால் பற்றிய 'ஷிராஸ்' (1928), மகாபாரதச் சூதாட்டத்தைத் தழுவிய 'பிரபஞ்ச பாஷ்' (1929) இரண்டும் அதே பாதையில் வந்தன.

1934இல் ராயும் தேவிகா ராணியும் பம்பாய் டாக்கீஸைத் தொடங்கியபோது ஓஸ்டனையும் விர்ஷிங்கையும் அழைத்துக்கொண்டார்கள். இந்தி தெரியாத ஓஸ்டன் அங்கே நாலைந்து ஆண்டுகளில் பத்துக்கும் மேற்பட்ட பேசும் படங்களை இயக்கினார். 'அச்சூத் கன்யா' அவற்றில் ஒன்று.

கதை இதுதான். ரயில்வே கேட் காவலர் துக்கியா தீண்டப்படாதவர். பாம்பு கடித்த பார்ப்பன மளிகைக்காரர் மோகனின் உயிரைக் காப்பாற்றுகிறார், இருவரும் நண்பர்களாகிறார்கள். துக்கியாவின் மகள் கஸ்தூரியும் மோகனின் மகன் பிரதாப்பும் காதலிக்கிறார்கள். ஊர்க் கும்பல் மோகனைத் தாக்குகிறது. மருத்துவரை வரவழைப்பதற்காக ரயிலை நிறுத்திய துக்கியா வேலையை இழக்கிறார். பிரதாப்புக்கு அவன் சாதியிலும் கஸ்தூரிக்கு அவள் சாதியிலும் திருமணம் நடக்கிறது. கடைசியில் தண்டவாளத்தில் கணவனும் பிரதாப்பும் மோதிக்கொள்ள, அவர்களைக் காப்பாற்ற ரயிலை நோக்கி ஓடும் கஸ்தூரி இறந்துபோகிறாள். அவளுக்கு நினைவிடம் எழுப்பி வணங்குகிறார்கள்.

சாதியை உடைக்க உண்மையான மருந்து சாதி கடந்த திருமணம் என்று அம்பேத்கர் எழுதிய அதே ஆண்டில், சாதி கடந்த ஒரு காதலைக் கையிலெடுத்த படம் இருவரையும் அவரவர் சாதிக்குள் திருப்பி அனுப்புகிறது. பிறகு பெண்ணைக் கொன்று தெய்வமாக்குகிறது. ரயிலை நிறுத்திய தந்தைக்கு வேலை போகிறது, மகளுக்கு உயிர் போகிறது. பார்ப்பன இளைஞன் உயிரோடு இருக்கிறான்.

இதற்கு ஓஸ்டனின் நாஜி உறுப்பினர் அட்டைதான் காரணம் என்று சொல்லிவிடுவது எளிது. ஆனால் கதை அவருடையதல்ல. எழுதியவர் நிரஞ்சன் பால், தேசியத் தலைவர் பிபின் சந்திர பாலின் மகன். கஸ்தூரியாக நடித்த தேவிகா ராணி தாகூர் குடும்ப வழி வந்தவர். பிரதாப்பாக நடித்த அசோக் குமார் கங்குலி வங்காளப் பார்ப்பனர். அன்றைய இந்து சீர்திருத்தவாதிகளின் பார்வைதான் திரையில் இருக்கிறது. தீண்டப்படாதவர்கள் மீது இரக்கம் கேட்பது, சாதியமைப்பை அப்படியே விட்டுவிடுவது என்ற பார்வை அது. இனத் தூய்மையைக் கொள்கையாகக் கொண்ட ஒரு கட்சியில் இருந்தவர் இந்தப் படத்தை இயக்க முடிந்ததில் வியக்க ஒன்றுமில்லை. இரத்தக் கலப்பைக் கடைசிவரை தடுத்துவிடுகிற கதைதானே இது.

1939இல் போர் மூண்டபோது 'கங்கன்' படப்பிடிப்பின் நடுவில் ஓஸ்டனைப் பிரிட்டிஷ் அரசு கைது செய்தது. வயதைக் கருதி விடுவிக்கப்பட்டு ஜெர்மனி திரும்பியவர், போர் முடியும்வரை பவேரியா படநிறுவனத்தில் வேலை பார்த்தார். 1956இல் பாட் ஐப்ளிங் என்ற சிற்றூரில் இறந்தார். காவலில் வைக்கப்பட்ட விர்ஷிங் பிறகு இந்தியாவிலேயே தங்கி, 'மஹல்', 'பாகீசா' படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார்.

தோழர்களே, உங்கள் வாசிப்பு வட்டத்தில் 'அச்சூத் கன்யா'வைத் திரையிடுங்கள். அதற்கு முந்தைய வாரம் 'சாதி ஒழிப்பு' நூலை வாசித்துவிடுங்கள். படம் முடிந்ததும் இரண்டு கேள்விகளை மட்டும் வைப்போம்: கஸ்தூரி ஏன் சாக வேண்டும்? அவள் சாவால் நிம்மதியடைவது யார்? இன்றைக்கு வெளியாகும் சாதிக் காதல் படங்களிடமும் இதே கேள்விகளைக் கேட்டுப் பார்ப்போம்.